ஒலிபரப்பை நிறுத்தக்கூடிய கைகள்

கேள்வி இதுதான். ஒரு நாட்டில் சில லட்சம் பேர் மட்டுமே பேசும் மொழி. அரசு வானொலி அந்த மொழிக்கு வாரத்தில் அரை மணி நேரம் ஒதுக்குகிறது, அதிலும் செய்தி கிடையாது. அந்த மக்களே சொந்தமாக ஒரு வானொலி தொடங்கிச் செய்தி சொல்ல ஆரம்பித்தால் அரசு அதைச் சட்டப்படி மூட முடியுமா? மூட முடியாதபடி அமைக்க வழி உண்டா?

முதல் பாதிக்குப் பதில்: முடியும், பல வழிகளில். இரண்டாம் பாதிக்கு: யாராலும் மூட முடியாத வானொலி உலகத்தில் கிடையாது. ஆனால் ஒரே ஆள் ஒரே உத்தரவில் மூடிவிட முடியாத வானொலியை அமைக்கலாம். இந்தப் பதில் முழுக்க அதைப் பற்றித்தான்.

“உங்கள் செய்தி பிடிக்கவில்லை, ஆகவே மூடுகிறோம்” என்று எந்த அரசும் எழுத்தில் கொடுக்காது. உரிமம் காலாவதி, விமானத் தொடர்பில் இடையூறு, கட்டண நிலுவை, கோபுரத்துக்கு அனுமதி இல்லை, வெளிநாட்டுப் பணத்துக்குக் கணக்கு இல்லை என்றுதான் கடிதம் வரும். அவற்றில் சில உண்மையாகவும் இருக்கும், சிக்கலே அங்கேதான். அதனால் கருவி வாங்குவதற்கு முன் ஒரு தாளை எடுங்கள். மைக்கில் தொடங்கி, நேயரின் காதில் முடியும் வரை நடுவில் வரும் ஒவ்வொரு கண்ணியையும் எழுதுங்கள்: அறை, மின்சாரம், இணைய இணைப்பு, கோபுரம், அலைவரிசை, சர்வர், இணைய முகவரி, வங்கிக் கணக்கு. ஒவ்வொன்றுக்கும் எதிரே மூன்று விஷயம் குறியுங்கள். அது யார் கையில் இருக்கிறது, அவர் அதை நிறுத்த எத்தனை நாள் முன்னறிவிப்புத் தர வேண்டும், நிறுத்தினால் மாற்று என்ன. மூன்றாவது கட்டம் காலியாக இருக்கும் வரிகள்தான் உங்கள் பலவீனம். பெரும்பாலானோர் இந்தத் தாளை மூடுவிழாவுக்குப் பிறகுதான் எழுதுகிறார்கள்.

சட்டம் எதுவரை துணை வரும்

கருத்துச் சுதந்திரம் என்றதும் அச்சு ஊடகத்தை மனதில் வைத்துப் பேசிவிடுகிறோம். பத்திரிகை அச்சிட அலைவரிசை தேவையில்லை. ஒலிபரப்புக்குத் தேவை, அது எண்ணிக்கையில் குறைவு, அதைப் பங்கிடுவது அரசு. ஐரோப்பிய மனித உரிமை உடன்படிக்கையின் 10ஆம் பிரிவு கருத்துச் சுதந்திரத்தை உறுதி செய்யும் அதே பத்தியிலேயே, ஒலிபரப்புக்கு உரிமம் கேட்க அரசுக்குத் தடையில்லை என்றும் சொல்கிறது. ஆக “உரிமம் கேட்பதே அடக்குமுறை” என்ற வாதம் நீதிமன்றத்தில் நிற்காது. நிற்கும் வாதம் வேறு: உரிமம் பெற ஒரு வழியாவது திறந்திருக்கிறதா, அந்த வழி நியாயமானதா?

இதற்கு முன்னுதாரணம் ஆஸ்திரியாவிலிருந்து வந்தது. அங்கே ஒலிபரப்பு முழுக்க அரசு நிறுவனத்தின் ஏகபோகமாக இருந்தது. தெற்குக் கரிந்தியாவில் ஸ்லோவேனிய மொழியும் ஜெர்மனும் கலந்த, விளம்பரமில்லாத வானொலி தொடங்க விரும்பிய ஆகோரா என்ற குழுவும் வேறு சிலரும் சேர்ந்து வழக்குப் போட்டார்கள். 1993 நவம்பர் 24இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம், இப்படி எல்லோருக்கும் கதவடைக்கும் ஏகபோகம் 10ஆம் பிரிவை மீறுவதாகத் தீர்ப்பளித்தது. இந்திய உச்ச நீதிமன்றமும் 1995 பிப்ரவரியில், கிரிக்கெட் ஒளிபரப்பு உரிமை பற்றிய வழக்கில், அலைவரிசைகள் பொதுச் சொத்து என்று சொன்னது. ஆனால் அதற்குப் பின் வந்த சமுதாய வானொலி விதிகளில், அகில இந்திய வானொலியின் செய்தியை அப்படியே மறுஒலிபரப்பலாம், சொந்தமாகச் செய்தி தயாரிக்கக் கூடாது என்றாகிவிட்டது. உரிமம் கிடைப்பதும் செய்தி சொல்லும் சுதந்திரம் கிடைப்பதும் வேறு வேறு என்பதற்கு இதைவிட நேரான சான்று வேண்டாம். உரிமப் படிவத்தில் “நிகழ்ச்சி வகை” என்ற கட்டத்தை நிரப்பும் முன் இந்த வேறுபாட்டைச் சட்டம் தெரிந்தவரிடம் காட்டிக் கேளுங்கள்.

மிகவும் பயன்படக்கூடிய தீர்ப்பு குவாத்தமாலாவைப் பற்றியது. பழங்குடி மக்களின் அடையாளம் பற்றி அங்கே 1995இல் கையெழுத்தான ஒப்பந்தம் அவர்களுக்கு அலைவரிசை கிடைக்க வழி செய்வதாக வாக்களித்தது. 1996இல் வந்த தொலைத்தொடர்புச் சட்டமோ அலைவரிசையை ஏலத்தில் விடச் சொன்னது. ஏலத்தில் பணக்கார நிலையங்கள் ஜெயித்தன. மாயா மொழிகளில் ஒலிபரப்பிய சிற்றூர் வானொலிகள் உரிமமின்றி இயங்கின, அவற்றில் சிலவற்றுக்குள் போலீஸ் புகுந்து கருவிகளைப் பறிமுதல் செய்தது, இயக்கியவர்கள்மீது குற்ற வழக்கும் வந்தது. 2021 அக்டோபர் 6இல் அமெரிக்கக் கண்ட நாடுகளுக்கான மனித உரிமை நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது: ஏலம் எல்லோருக்கும் ஒரே விதி போலத் தெரிந்தாலும் பழங்குடிகளை வெளியே நிறுத்துகிறது, அவர்களுக்கென அலைவரிசையில் ஒரு பகுதியை ஒதுக்க வேண்டும், சோதனைகளையும் வழக்குகளையும் நிறுத்த வேண்டும். அந்தக் கண்டத்தின் உடன்படிக்கையில் 13ஆம் பிரிவு, காகிதம், அலைவரிசை, கருவி இவற்றின் மீதான கட்டுப்பாட்டைத் தவறாகப் பயன்படுத்திக் கருத்தை மறைமுகமாக நெரிப்பதை வெளிப்படையாகத் தடுக்கிறது. வேறு நாட்டில் வாதாடுபவருக்கு இது கட்டுப்படுத்தும் சட்டம் ஆகாது, ஆனாலும் மனுவில் எடுத்துக் காட்ட அருமையான பகுதி. கவனிக்க வேண்டியது கால அளவு: ஒப்பந்தத்துக்கும் தீர்ப்புக்கும் நடுவே கால் நூற்றாண்டு.

ஆகவே விண்ணப்பத்தை எழுத்தில் கொடுங்கள், ஒப்புகைச் சீட்டு வாங்குங்கள், பதில் வராவிட்டால் நினைவூட்டல் அனுப்பி அதற்கும் சீட்டு வாங்குங்கள். நிராகரிப்பு என்றால் காரணத்தை எழுத்தில் கேளுங்கள். நாளைக்கு நீதிமன்றத்தில் கேட்கப்போகும் முதல் கேள்வி, “இவர்கள் விண்ணப்பித்தார்களா?” என்பதுதான். விண்ணப்பிக்காமலே ஒலிபரப்பத் தொடங்கிவிட்டுப் பிறகு உரிமை பேசுவது பலவீனமான இடம். அயர்லாந்தில் அது பலித்ததே என்பார்கள். உண்மை, 1970 ஈஸ்டர் சமயத்தில் கானமாரா பகுதியில் இளைஞர்கள் உரிமமில்லாமல் ஐரிஷ் மொழி வானொலியை நடத்திக் காட்டினார்கள், 1972 ஏப்ரல் 2இல் அரசு ஒலிபரப்பு நிறுவனமே ஐரிஷ் மொழி நிலையத்தைத் திறந்தது. ஆனால் அந்த நிலையமும் அரசு நிறுவனத்தின் பகுதி என்பதால், ஷின் ஃபேன் என்ற அரசியல் கட்சியின் பிரதிநிதிகளின் குரலை ஒலிபரப்பத் தடை விதித்த அமைச்சரின் ஆணை அதற்கும் பொருந்தியது. அந்த ஆணை 1994 ஜனவரி வரை நீடித்தது. மொழி கிடைத்தது, செய்திச் சுதந்திரம் அதோடு இலவச இணைப்பாக வரவில்லை.

உரிமம் இருந்தும் வாய் அடைபட்ட கதைகள்

செயற்கைக்கோள் வழியாக வெளிநாட்டிலிருந்து ஒலிபரப்பினால் பாதுகாப்பு என்று பலர் நினைக்கிறார்கள். குர்திய மொழித் தொலைக்காட்சிகளின் வரலாறு அதற்கு நேர்மாறு. 1995இல் லண்டனிலிருந்து தொடங்கிய மெட் டிவியின் உரிமத்தை, வன்முறையைத் தூண்டும் ஒளிபரப்பு என்று காரணம் காட்டி 1999 ஏப்ரலில் பிரிட்டன் கட்டுப்பாட்டு ஆணையம் ரத்து செய்தது. பின்னர் டென்மார்க் உரிமத்தோடு ரோஜ் டிவி வந்தது. 2012 ஜனவரியில் கோபன்ஹேகன் நீதிமன்றம், துருக்கி அரசோடு போரிட்ட குர்திய ஆயுத அமைப்பான பிகேகேயை ஊக்குவித்ததாக அதற்கு அபராதம் விதித்தது, உரிமத்தைப் பறிக்கவில்லை. ஆனால் சில நாட்களிலேயே யூட்டல்சாட் நிறுவனம் செயற்கைக்கோள் இடத்தை நிறுத்திவிட்டது. கையில் உரிமம், வானத்தில் இடமில்லை. மேல்முறையீட்டில் உரிமமும் போனது. 2018இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் மனுவைப் பரிசீலிக்கவே மறுத்தது. பணத்தின் பெரும்பகுதி அந்த ஆயுத அமைப்பிடமிருந்து வந்தது என்ற டேனிஷ் நீதிமன்றங்களின் முடிவு அங்கே எடையோடு நின்றது. இதில் யார் பக்கம் நியாயம் என்பது வேறு விவாதம். நிலையம் நடத்துபவர் கவனிக்க வேண்டியது இரண்டு: ஒளிபரப்பைச் சுமந்து செல்லும் நிறுவனம் நீதிபதிக்கு முன்பே முடிவெடுக்கும், பணம் எங்கிருந்து வந்தது என்பது நிகழ்ச்சியில் என்ன சொன்னீர்கள் என்பதற்கு இணையாகப் பார்க்கப்படும்.

கிரிமியத் தாத்தார் மொழியின் ஏடிஆர் தொலைக்காட்சி இன்னொரு வகை. கிரிமியா ரஷ்யாவின் பிடிக்குள் போனபின் புதிய பதிவு தேவைப்பட்டது. விண்ணப்பங்கள் திரும்பத் திரும்பத் திருப்பி அனுப்பப்பட்டன, 2015 ஏப்ரல் 1 நள்ளிரவோடு ஒளிபரப்பு நின்றது. தடை ஆணை என்று ஒன்று தேவையே படவில்லை, பதிவு எண் கிடைக்காததே போதும். அதே ஆண்டு ஜூனில் கியெவிலிருந்து மறுபடி தொடங்கினார்கள். இரண்டரை மாதத்தில் அது முடிந்ததற்குக் காரணம் ஆட்களும் காணொளிகளும் வேறிடம் போக முடிந்ததுதான். உங்கள் காப்பகத்தின் ஒரு பிரதி வேறொரு சட்ட எல்லைக்குள் இருக்கிறதா என்று இன்றே பாருங்கள்.

எஃப்.எம். ஒலிபரப்பு: தவறு எங்கே நடக்கிறது

மூட நினைப்பவருக்கு நாமே கொடுக்கும் காரணம் பெரும்பாலும் தொழில்நுட்பக் குறைதான். எஃப்.எம். அலைகள் ஏறக்குறைய நேர்கோட்டில் போகும். தூரத்தைக் கணக்கிட எளிய சூத்திரம் உண்டு: ஆன்டெனா உயரத்தின் வர்க்கமூலத்தையும், கேட்கும் பெட்டியின் உயரத்தின் வர்க்கமூலத்தையும் கூட்டி (இரண்டும் மீட்டரில்), 4.12ஆல் பெருக்கினால் கிலோமீட்டர் கிடைக்கும். பெட்டி 2 மீட்டர் உயரத்தில் என்று வைத்தால், 10 மீட்டர் கம்பத்துக்கு 19 கிலோமீட்டர், 30 மீட்டர் கோபுரத்துக்கு 28. இது அலையின் அடிவானம் மட்டும். 100 வாட்டில், வீட்டுக்குள் சாதாரணப் பெட்டியில் தெளிவாகக் கேட்கும் தூரம் இதில் பாதி கூட வராது. குன்று குறுக்கே வந்தால் அதோடு சரி. டிரான்ஸ்மிட்டர் திறனை இருமடங்காக்குவது 3 டெசிபல்தான் தரும். அதே பணத்தைக் கோபுர உயரத்திலோ நல்ல கேபிளிலோ போட்டால் பலன் அதிகம்.

கேபிள் என்றதும் ஒரு கணக்கு. 50 வாட் டிரான்ஸ்மிட்டரிலிருந்து 30 மீட்டர் தூரம் ஆர்ஜி-213 கேபிளில் போனால் 100 மெகாஹெர்ட்ஸில் சுமார் 2 டெசிபல் வழியிலேயே தொலையும். ஆன்டெனாவுக்குப் போய்ச் சேர்வது 31 வாட் சொச்சம். அரை அங்குலத் தடிமனுள்ள நுரைக் கேபிள் என்றால் இழப்பு முக்கால் டெசிபலுக்குள், 42 வாட் போய்ச் சேரும். கேபிள் நுனியில் இருக்கும் இணைப்பியில் மழைத் தண்ணீர் இறங்குவதுதான் முதல் ஆண்டில் வரும் பழுதுகளில் முன்னணி. தானாக ஒட்டிக்கொள்ளும் ரப்பர் நாடாவைக் கீழிருந்து மேலாகச் சுற்ற வேண்டும், அப்போதுதான் ஓடு வேய்ந்தது போலத் தண்ணீர் வழிந்து ஓடும். கேபிள் கட்டடத்துக்குள் நுழையும் இடத்தில் அதைக் கீழே வளைத்து ஒரு தொங்கல் விட்டால் தண்ணீர் அங்கேயே சொட்டிவிடும். திரும்பி வரும் திறனைக் காட்டும் மீட்டரை வாரம் ஒருமுறை படித்து நோட்டில் எழுதுங்கள். அதில் தெரியும் நிலையலை விகிதம் 1.5 என்றால் 4 சதவீதம் திரும்புகிறது, கவலை வேண்டாம். 2 என்றால் 11 சதவீதம், அன்றே கோபுரத்தில் ஆள் ஏற வேண்டும். ஆன்டெனா இணைக்காமல் சோதனைக்குக்கூட டிரான்ஸ்மிட்டரைப் போடாதீர்கள், கடைசி டிரான்சிஸ்டர் எரிந்துபோகும்.

உண்மையான ஆபத்து 108 மெகாஹெர்ட்ஸுக்கு மேலே இருக்கிறது. எஃப்.எம். பட்டை முடியும் இடத்தில் விமான வழிகாட்டிக் கருவிகளின் பட்டை தொடங்குகிறது. ஒரே கோபுரத்தில் இரண்டு நிலையங்கள் இருந்தால் ஒன்றின் அலை மற்றதன் டிரான்ஸ்மிட்டருக்குள் நுழைந்து மூன்றாவதாக ஒன்றைப் பிறப்பிக்கும். 106.5, 98.0 என்ற இரண்டையும் எடுத்துக்கொள்ளுங்கள்: 106.5ஐ இரட்டித்து 98ஐக் கழித்தால் 115.0. அது நேரே விமானப் பட்டைக்குள் விழுகிறது. இப்படி ஒரு புகார் வந்தால் அதிகாரி ஒலிபரப்பை அந்த நிமிடமே நிறுத்தச் சொல்லலாம், எந்த நீதிபதியும் அவரைக் குறை சொல்லமாட்டார். விலை குறைந்த டிரான்ஸ்மிட்டர்களில் வடிகட்டி சரியாக இருப்பதில்லை. உங்கள் அலைவரிசையை மட்டும் வெளியே விடும் பட்டை வடிகட்டி ஒன்றைத் தனியாக வாங்கிப் பொருத்துங்கள், எந்த அலைவரிசையில் எவ்வளவு திறன் போகிறது என்று காட்டும் நிறமாலைப் பகுப்பாய்வி உள்ள பொறியாளரை அழைத்து அளந்து, தேதியிட்டு, அவர் கையெழுத்தோடு அறிக்கை வாங்கிக் கோப்பில் வையுங்கள். அலை விலகலின் வரம்பும் அப்படித்தான்: ஒலிக்கேற்ப அலைவரிசை இங்குமங்கும் அசையும் அந்த அளவு 75 கிலோஹெர்ட்ஸைத் தாண்டினால் பக்கத்து நிலையத்தின்மேல் ஏறும். “சத்தமாகக் கேட்கட்டும்” என்று ஒலியைக் கூட்டும் ஆர்வத்தில்தான் இது நடக்கிறது.

மின்சாரம் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. டிரான்ஸ்மிட்டரும் கணினியும் சேர்ந்து 150 வாட் இழுத்தால் பத்து மணி நேரத்துக்கு 1.5 கிலோவாட் மணி. 12 வோல்ட் 100 ஆம்பியர்-மணி ஈய பேட்டரியில் பாதியளவே எடுக்கலாம் என்பதால் மூன்று வேண்டும். நிலையத்துக்கும் கோபுரத்துக்கும் நடுவே இணைய இணைப்புதான் என்றால், அரை நிமிடம் மௌனம் வந்ததும் தானாகப் பதிவை ஒலிக்கத் தொடங்கும் சிறு கருவியைக் கோபுரத்தடியில் வையுங்கள். அதில் பாட்டும் பேச்சும் இருக்கட்டும், செய்தி வேண்டாம். மூன்று வாரப் பழைய செய்தி நள்ளிரவில் போனால் வதந்தி அங்கே பிறக்கும்.

இணையம் இரண்டாவது கால். பேச்சுக்கு ஓபஸ் என்ற ஒலிச் சுருக்க முறையில் விநாடிக்கு 32 கிலோபிட் போதும், மணிக்கு 14.4 மெகாபைட். நேயர் 500 பேர் ஒரே நேரத்தில் வந்தால் சர்வரிலிருந்து 16 மெகாபிட் வெளியே போகும், சாதாரண வாடகை சர்வரே தாங்கும். இணைய முகவரியைப் பதிவு செய்த நிறுவனமும் சர்வர் வாடகைக்குத் தந்த நிறுவனமும் ஒரே நாட்டில், ஒரே ஆளின் மின்னஞ்சலில் இருக்கக் கூடாது. அதைவிட எளிய மூன்றாவது கால் ஒன்று உண்டு: அன்றன்றைய பத்து நிமிடச் செய்தியைத் தனிக் கோப்பாக்கிக் கைபேசிகளில் கைமாற்றுவது. 2.4 மெகாபைட்தான். இணையம் முடக்கப்பட்ட நாட்களில் பெரிய நிலையங்கள் ஊமையாக, இந்தச் சின்னக் கோப்பு ஊர் சுற்றும்.

மொழிதான் சிக்கல், மொழிதான் ஆதாரம்

பெரிய மொழி ஊடகங்களுக்கு இல்லாத ஒரு தலைவலி இங்கே உண்டு. உங்கள் ஒலிபரப்பைக் கண்காணிக்கும் அதிகாரிக்கு உங்கள் மொழி தெரியாது. அவர் மொழிபெயர்ப்பை நம்பித்தான் வழக்குப் போடுவார். தமிழையே எடுத்துப் பாருங்கள்: “ஆசிரியர்கள் நாளை போராட்டத்தில் குதிக்கிறார்கள்” என்ற வரியில் நமக்கு எந்தப் பதற்றமும் இல்லை, பந்தலில் உட்கார்ந்து கோஷம் போடுவார்கள், அவ்வளவுதான். தமிழ் அரைகுறையாகத் தெரிந்தவர் அகராதியை வைத்து மாற்றினால் “ஆசிரியர்கள் நாளை சண்டையில் பாய்கிறார்கள்” என்று குற்றப்பத்திரிகையில் ஏறும். எல்லா மொழியிலும் இப்படிப்பட்ட தேய்ந்த உருவகங்கள் உண்டு.

தடுக்கும் வழி: ஒவ்வொரு செய்தி அறிக்கையின் எழுத்து வடிவத்தையும் அன்றைக்கே ஆட்சி மொழியில் நீங்களே மொழிபெயர்த்து, தேதியும் பெயரும் போட்டுக் கோப்பில் வைப்பது. வழக்கு வந்தபின் செய்யும் மொழிபெயர்ப்புக்கு மதிப்பில்லை, அன்றன்றைக்குச் செய்ததற்கு உண்டு. தினம் பத்து நிமிடச் செய்திக்கு ஒரு மணி நேர வேலை இது. எல்லோரும் முதல் மாதம் செய்துவிட்டு நிறுத்திவிடுகிற வேலையும் இதுதான். கூடவே முழு ஒலிபரப்பையும் பதிவு செய்யுங்கள். 64 கிலோபிட் ஒற்றை ஒலித்தடத்தில் ஒரு நாளுக்கு 691 மெகாபைட், 90 நாளுக்கு 62 கிகாபைட். சட்டம் கேட்கும் காலத்தைவிட நீளமாக வைத்திருங்கள். கணினிக் கடிகாரம் சரியாக ஓடுகிறதா என்று பாருங்கள், ஒவ்வொரு நாள் கோப்புக்கும், கோப்பில் எது மாறினாலும் தானும் மாறிவிடும் ஷா-256 குறியெண்ணைக் கணக்கிட்டு அதை வழக்கறிஞரின் மின்னஞ்சலுக்குத் தானாகப் போகும்படி வையுங்கள். “பதிவைத் திருத்திவிட்டார்கள்” என்ற பேச்சு அதோடு அடங்கும்.

சொல் பட்டியலும் தேவை. நீதிமன்றச் செய்திகள் இதுவரை அந்த மொழியில் எழுதப்பட்டிருக்காவிட்டால் “குற்றம் சாட்டப்பட்டவர்”, “குற்றவாளி” இரண்டுக்கும் ஒரே சொல் புழங்கிக்கொண்டிருக்கலாம். அதை அப்படியே வாசித்தால் அவதூறு வழக்கு வரும், வருவது நியாயமும்கூட. தொடங்கும் முன் நூறு நூற்றைம்பது சொற்களை, காவல், நீதிமன்றம், தேர்தல், மருத்துவம், நிலம் என்று துறைவாரியாக உட்கார்ந்து முடிவு செய்யுங்கள். புதுச் சொல் ஆக்குவதில் ஆசை வேண்டாம். பாட்டிக்குப் புரியாத தூய சொல்லைவிட அவர் தினம் சொல்லும் கடன்சொல் மேல். வட்டார வழக்குச் சண்டையும் வரும்: எந்த ஊர்ப் பேச்சில் செய்தி வாசிப்பது? ஒரே வழக்கைப் பொதுவாக்க முயன்ற நிலையங்கள் பாதி நேயரை இழக்கும். வாசிப்பவர் தம் வழக்கில் வாசிக்கட்டும், எழுத்துச் சொற்கள் மட்டும் பட்டியல்படி இருக்கட்டும்.

இன்னொரு ஆபத்து பெரும்பாலான பாதுகாப்புக் கையேடுகளில் இருக்காது. சின்ன மொழியில், பேச்சே ஊரைக் காட்டிக்கொடுக்கும். பெயரை மறைத்து, குரலின் சுருதியை மாற்றி ஒரு சாட்சியின் பேச்சை ஒலிபரப்புகிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். சுருதி மாற்றியதை எளிதாகத் திருப்பிவிடலாம் என்பது ஒருபுறம். திருப்பாமலே, “இந்த வினைமுற்று ஆற்றுக்கு மேற்கே உள்ள நாலு ஊரில்தான் சொல்வார்கள்” என்று கேட்டவுடன் சொல்லிவிடுவார் ஒரு கிழவர். அதனால் சாட்சியின் குரலைத் தொடவே வேண்டாம். அவர் சொன்னதை எழுதி, வேறு வட்டாரத்துக்காரர் தம் வழக்கில் வாசிக்கட்டும். உறவுமுறைச் சொற்கள், தொழில் சொற்கள், வாய்ப்பழக்கமான தொடர்கள் மூன்றையும் மாற்றிவிடுங்கள். மூலப் பதிவை மறையீடு செய்த (கடவுச்சொல் இல்லாமல் படிக்க முடியாத) வட்டில், நிலையத்துக்கு வெளியே வையுங்கள், தேவை முடிந்ததும் அழித்துவிடுங்கள். இங்கே காப்பக ஆசை உயிருக்கு உலை.

நேரலைத் தொலைபேசி நிகழ்ச்சிக்கு ஏழு முதல் பத்து விநாடி தாமதம் வைக்கும் கருவி இல்லாமல் இறங்காதீர்கள். அழைப்பவர் வாயில் வருவதற்கும் உரிமம் வைத்திருப்பவர்தான் பொறுப்பு.

பணமும் ஆட்களும்

24 மணி நேர ஒலிபரப்பு என்று அறிவிப்பதுதான் தற்கொலைக்குக் குறுக்கு வழி. சொந்தமாகச் சேகரித்த ஒரு நிமிடச் செய்திக்கு அரை நாள் உழைப்பு என்று கணக்கு வைத்தால் அதிகம் தவறாது. அப்படியானால் பத்து நிமிட அறிக்கையில் மூன்று நிமிடம் சொந்தச் செய்தி வர வேண்டுமென்றாலே, எழுதித் திருத்தி வாசிப்பவர்களைச் சேர்க்காமல் இரண்டு முழுநேர நிருபர்கள் வேண்டும். தினம் அரை மணி நேரம், காலையில் புதிது, மாலையில் திருத்திய மறுஒலிபரப்பு என்று தொடங்கினால் மூச்சு வாங்காது.

எந்த ஒரு வருவாய் வழியும் மொத்தத்தில் மூன்றில் ஒரு பங்கைத் தாண்ட வேண்டாம். சொல்வது எளிது, சின்ன மொழிக்கு விளம்பரச் சந்தை சின்னதாக இருக்கும்போது செய்வது கடினம். ஆனாலும் இது விட்டுக்கொடுக்கக் கூடாத கணக்கு. பெரிய நிறுவனங்களே இதில் விழுந்தன: அமெரிக்க அரசு 2025 மார்ச்சில் நிதியை நிறுத்த முனைந்ததும் ரேடியோ ஃப்ரீ ஏசியாவின் உய்குர், திபெத்திய மொழிச் சேவைகள் அந்த ஆண்டே நிலைகுலைந்தன. நேயர்கள் கேட்பதை நிறுத்தியதாலோ, எதிரி அரசு முடக்கியதாலோ நடந்ததில்லை இது, கொடுத்த கையே மூடிக்கொண்டது. வெளிநாட்டுக் கொடைக்கு உள்நாட்டில் வேறொரு விலையும் உண்டு. வெளிநாட்டுப் பணம் வாங்குவோர்மீது முத்திரை குத்தும் ரஷ்யாவின் “வெளிநாட்டு முகவர்” சட்டம் 2012இல் அமைப்புகளுக்கு வந்து 2017இல் ஊடகங்களுக்கும் நீண்டது. அதைப் பார்த்து எழுதிய சட்டங்கள் வேறு நாடுகளிலும் பரவுகின்றன.

அரசுப் பணமே வேண்டாம் என்பதும் சரியல்ல. கேட்க வேண்டியது, பணத்துக்கும் செய்தி அறைக்கும் நடுவே யார் நிற்கிறார்கள் என்பது. நியூஸிலாந்தில் மாவோரி மொழி ஒலிபரப்புக்கு நிதி பங்கிட 1993இல் தே மாங்காய் பாஹோ என்ற தனி அமைப்பைச் சட்டத்தால் உருவாக்கினார்கள், அமைச்சர் நேரடியாகக் காசோலை கிழிப்பதில்லை. உங்கள் அறக்கட்டளைப் பத்திரத்திலும் அப்படி ஒரு சுவர் வேண்டும்: ஒரு தனிச் செய்திக்காக ஆசிரியரை நிர்வாகக் குழு நீக்க முடியாது, குழுவில் அரசியல் கட்சிப் பொறுப்பாளர் இருக்கக் கூடாது, பத்திரத்தைத் திருத்த முக்கால்வாசி ஆதரவு தேவை. உள்ளிருந்து கைப்பற்றப்படும் நிலையங்கள், வெளியிலிருந்து மூடப்படுபவற்றைவிடக் குறைவில்லை. சொந்த இனத்தின் பெரிய மனிதர்களைப் பற்றிச் செய்தி போடும் நாளில்தான் சுவரின் உறுதி தெரியும்.

அதிகாரிகள் வாசலில் நிற்கும் நாளுக்கு

ஒரு தாள் சுவரில் இருக்கட்டும். அதில் இரண்டு வழக்கறிஞர்களின் எண்கள், இரண்டு பேர், ஏனென்றால் ஒருவர் அன்றைக்கு ஊரில் இருக்கமாட்டார். வந்தவரின் பெயர், பதவி, ஆணையின் எண் மூன்றையும் கேட்டு எழுதிக்கொள்ளும் பொறுப்பு யாருக்கு என்று முன்பே முடிவாகியிருக்க வேண்டும். தடுக்கவோ கையைப் பிடிக்கவோ வேண்டாம். எடுத்துப்போகும் ஒவ்வொரு பொருளையும் வரிசை எண்ணோடு பட்டியலிட்டு இரு பிரதியில் கையெழுத்துக் கேளுங்கள். கணினிகளுக்கு முழு வட்டு மறையீடு முன்பே இருக்க வேண்டும், இரவில் அணைத்து வைக்க வேண்டும். அணைக்காத கணினியில் மறையீடு பூட்டாத பெட்டி மாதிரி. நேரலை இணைய ஒலிபரப்பின் கடவுச்சொல் அந்தக் கட்டடத்துக்கு வெளியே, முடிந்தால் ஊருக்கே வெளியே, ஒருவரிடம் இருக்கட்டும். நிலையம் பூட்டப்பட்ட ஒரு மணி நேரத்துக்குள் அவர் குரல் போக வேண்டும்: என்ன நடந்தது, எந்த ஆணைப்படி, அடுத்த செய்தி எத்தனை மணிக்கு. ஆத்திரமான உரைக்கு அது நேரம் இல்லை, அந்த உரையும் மொழிபெயர்க்கப்படும்.

அந்த ஒரு மணி நேரம் எதற்கு என்பதைப் பாஸ்க் மொழி நாளிதழ் எகுங்காரியா காட்டியது. ஒலிபரப்பு இல்லைதான், பொருந்தும் கதை. அந்த மொழியில் இருந்த ஒரே நாளிதழை 2003 பிப்ரவரி 20இல் ஸ்பெயின் நீதிபதி ஒருவர், ஈடிஏ ஆயுத அமைப்போடு தொடர்பு என்ற சந்தேகத்தில் மூடச் சொன்னார். மறுநாளே ஊழியர்கள் எகுனெரோ என்ற பெயரில் மாற்றுத் தாளைக் கொண்டுவந்தார்கள். நான்கு மாதத்தில், வாசகர்கள் பங்கு போட்ட பணத்தில் பெரியா என்ற புதிய நாளிதழ் தொடங்கியது. குற்றச்சாட்டுகளுக்கு ஆதாரமில்லை என்று நீதிமன்றம் அனைவரையும் விடுதலை செய்தது 2010 ஏப்ரலில். அந்த ஏழு ஆண்டும் பாஸ்க் மொழியில் செய்தித்தாள் நிற்காமல் வந்துகொண்டுதான் இருந்தது.